கைபேசி விளையாட்டுகளில் விளம்பரத்தைக் குறைப்பது எப்படி? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கைபேசி பழுதுபார்க்கும் கடையில் திரை உடைந்தது, சார்ஜ் ஏறவில்லை என்பவற்றுக்கு அடுத்தபடியாக அதிகம் கேட்க நேரும் குறை, "கேம் விளையாடவே விடாமல் விளம்பரம் வருகிறது" என்பதுதான். கேட்பவர்களில் வயதானவர்களும் சிறு பிள்ளைகளின் பெற்றோரும் அதிகம். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லிவந்த பதில்களை, அவர்கள் கேட்ட சொற்களிலேயே கேள்விகளை வைத்து, இங்கே தொகுத்திருக்கிறேன். எளியவை முதலிலும் சிக்கலானவை பின்னரும் வருகின்றன.

1. கேமுக்கு நடுவுல வர்ற விளம்பரம் எங்கிருந்து வருது? கேம் பண்றவங்களே போடுறாங்களா?

இலவச விளையாட்டைச் செய்தவர், தம் வருமானத்துக்காக, விளம்பர நிறுவனம் ஒன்று தரும் நிரலைத் தம் செயலிக்குள் சேர்த்துவைக்கிறார். கூகுளின் அட்மாப், யூனிட்டி ஆட்ஸ், ஆப்லவின் போன்றவை அத்தகைய விளம்பர வலையமைப்புகள். நீங்கள் ஒரு லெவலை முடித்ததும் அந்த நிரல் இணையம் வழியாகத் தன் நிறுவனத்தின் சர்வரைத் தொடர்புகொண்டு, அப்போது அதிக விலை தரும் விளம்பரதாரரின் படத்தையோ வீடியோவையோ கொண்டுவந்து காட்டுகிறது. அதாவது விளையாட்டு ஓரிடத்திலிருந்தும் விளம்பரம் வேறோரிடத்திலிருந்தும் வருகின்றன. கீழே சொல்லியிருக்கும் வழிகளில் பல, இந்த வேறுபாட்டை வைத்தே வேலை செய்கின்றன.

விளம்பரங்களில் மூன்று வகைகளைப் பிரித்தறிவது நல்லது. திரையின் அடியிலோ மேலேயோ ஒட்டிக்கொண்டிருப்பது பேனர். லெவலுக்கும் லெவலுக்கும் நடுவே திரை முழுவதையும் மறைத்து வருவது இரண்டாவது வகை. "வீடியோ பார்த்தால் 50 காயின் கிடைக்கும்", "ஒரு உயிர் கிடைக்கும்" என்று கேட்டு, நீங்கள் சம்மதித்த பிறகு ஓடும் பரிசு வீடியோ மூன்றாவது வகை. உங்களுக்குத் தொல்லை தருவது எது என்று தெரிந்தால்தான் எந்த வழி பொருந்தும் என்று முடிவு செய்ய முடியும்.

2. நெட்டை ஆஃப் பண்ணிட்டு விளையாடினா விளம்பரமே வராதுன்னு சொல்றாங்களே, உண்மையா?

பெரும்பாலும் உண்மை. சுடோகு, சொல் விளையாட்டு, கட்டை அடுக்குதல், சீட்டு அடுக்கும் சாலிட்டேர் போன்று ஒருவர் மட்டுமே ஆடும் விளையாட்டுகளுக்கு இணையம் தேவைப்படுவதில்லை. ஏர்பிளேன் மோடை இயக்கிவிட்டு அவற்றைத் திறந்தால், புதிய விளம்பரத்தைக் கொண்டுவர வழியில்லாமல் நிரல் சும்மா இருந்துவிடும். செலவும் இல்லை, எதையும் நிறுவ வேண்டியதும் இல்லை. ஆகவே யாருக்கும் முதலில் சொல்வது இதைத்தான்.

நெட்டை அணைத்த பிறகும் ஒன்றிரண்டு விளம்பரங்கள் வருவதைப் பார்த்து, "இது வேலை செய்யவில்லை" என்று பலர் விட்டுவிடுகிறார்கள். விளையாட்டைத் திறந்தவுடனேயே அடுத்து காட்டவேண்டிய விளம்பரத்தை நிரல் முன்கூட்டியே இறக்கி வைத்திருப்பதே அதற்குக் காரணம். முதலில் நெட்டை அணையுங்கள், பிறகு அண்மையில் திறந்த செயலிகளின் பட்டியலிலிருந்து அந்த விளையாட்டை மேலே தள்ளி முழுவதுமாக மூடுங்கள், அதன்பின் மீண்டும் திறங்கள். இந்த வரிசை முக்கியம்.

3. கால் வரணும், வாட்ஸ்அப் மெசேஜ் வரணும். அந்த ஒரு கேமுக்கு மட்டும் நெட்டை நிறுத்த முடியுமா?

பல ஆண்ட்ராய்டு கைபேசிகளில் முடியும். ஷாவ்மி, விவோ, ஓப்போ, ரியல்மி போன்றவற்றில் விளையாட்டின் ஐகானை அழுத்திப் பிடித்து "ஆப் இன்ஃபோ" பக்கத்துக்குச் சென்று, டேட்டா பயன்பாடு என்னும் பகுதியைத் திறந்தால், மொபைல் டேட்டாவையும் வைஃபையையும் அந்தச் செயலிக்கு மட்டும் தனித்தனியாகத் தடுக்கும் வசதி இருக்கும். மாடலுக்கு மாடல் அதன் பெயரும் இடமும் சற்று மாறும். வீட்டில் வைஃபை இருந்தால் இரண்டையும் தடுக்க வேண்டும்; ஒன்றை மட்டும் தடுத்துவிட்டு, "இன்னும் விளம்பரம் வருகிறதே" என்று திரும்பி வருபவர்கள் உண்டு.

கூகுள் பிக்சல் போன்ற சில கைபேசிகளில் பின்னணியில் டேட்டா செலவாவதை நிறுத்தும் பொத்தான் மட்டுமே உண்டு. விளையாட்டு திரையில் இருக்கும்போது அது எதையும் தடுக்காது. அவற்றில் நெட்கார்டு என்னும் இலவசச் செயலியைப் பயன்படுத்தலாம். அது கைபேசிக்குள்ளேயே ஒரு விபிஎன் இணைப்பை, அதாவது இணையத்துக்குப் போகும் எல்லாம் தன் வழியே போகும்படியான பாதையை, உருவாக்கி, நீங்கள் குறித்த செயலிகளை மட்டும் இணையத்துக்குப் போகவிடாமல் நிறுத்துகிறது. விபிஎன் ஓடுவதன் அடையாளமாகத் திரையின் மேல்பட்டையில் சிறிய சாவி தெரியும்; அதைக் கண்டு பயப்பட வேண்டியதில்லை. ஐபோனில் மொபைல் டேட்டா பக்கத்தின் கீழே ஒவ்வொரு செயலிக்கும் ஒரு பொத்தான் இருக்கிறது, ஆனால் வைஃபையில் அது செல்லாது.

4. "ரிமூவ் ஆட்ஸ்"னு காசு கேக்குதே, கட்டினா நிஜமாவே போயிடுமா?

பேனரும் லெவல்களுக்கு நடுவே வரும் முழுத்திரை விளம்பரமும் போய்விடும். பரிசு வீடியோக்கள் பெரும்பாலும் அப்படியே இருக்கும், ஏனெனில் அவை நீங்கள் கேட்டால் மட்டுமே ஓடுகின்றன. கட்டுவதற்கு முன் அந்தப் பொத்தானின் கீழே உள்ள சிறிய எழுத்துகளைப் படிக்க வேண்டும். "கட்டாய விளம்பரங்கள் மட்டும் நீக்கப்படும்" என்ற பொருளில் ஒரு வரி பல விளையாட்டுகளில் இருக்கிறது.

நாள்தோறும் ஆடும் ஒரு விளையாட்டு இருக்குமானால், இதுவே மிகச் சிறந்த வழி என்பது என் உறுதியான கருத்து. ஒருமுறை செலுத்தும் தொகை பல விளையாட்டுகளில் ஒரு மாத ரீசார்ஜை விடக் குறைவு. செட்டிங்ஸில் எதையும் மாற்ற வேண்டாம், வேறு செயலி எதுவும் பழுதாகாது, விளையாட்டைச் செய்தவருக்கும் உரிய பணம் போய்ச் சேரும். பிளே ஸ்டோரில் யுபிஐ மூலமாகவே கட்டலாம். கடன் அட்டை தேவையில்லை. கட்டிய பிறகும் விளம்பரம் குறையவில்லை என்றால், 48 மணி நேரத்துக்குள் கூகுள் பிளேயிலேயே பணத்தைத் திரும்பக் கேட்க முடியும். அதற்குமேல் தாமதமானால் பெரும்பாலும் விளையாட்டை வெளியிட்டவரிடம்தான் கேட்க வேண்டியிருக்கும்.

5. காசு கட்டி விளம்பரத்தை எடுத்தேன். புது போன் மாத்தினதும் மறுபடி வருது. காசு போச்சா?

போகவில்லை. நீங்கள் வாங்கியது கைபேசியோடு அல்லாமல், வாங்கும்போது பிளே ஸ்டோரில் இருந்த கூகுள் கணக்கோடு இணைந்திருக்கிறது. புதிய கைபேசியில் அதே கணக்கால் நுழைந்து, விளையாட்டின் செட்டிங்ஸில் "ரீஸ்டோர் பர்ச்சேஸ்" என்பதை அழுத்தினால் திரும்பி வந்துவிடும். வீட்டில் மகனின் கணக்கில் வாங்கிவிட்டுத் தாயின் கைபேசியில் வேறு கணக்கை வைத்திருப்பதே இந்தக் குழப்பத்துக்கு வழக்கமான காரணம். ஆண்ட்ராய்டில் வாங்கியது ஐபோனுக்கு வராது என்பதையும் நினைவில் கொள்ளுங்கள்.

6. ஒரு கேம்ல விளம்பரம் எடுக்க வாரத்துக்கு இவ்வளவுன்னு போட்டிருக்கு. அது என்ன வாரக் கணக்கு?

அது சந்தா. நான்காம் பதிலில் சொன்ன ஒருமுறைக் கட்டணமும் இதுவும் ஒன்றல்ல. வாரத் தொகை சிறியதாகத் தெரிந்தாலும் ஆண்டுக்கு 52 முறை எடுக்கப்படும். "3 நாள் இலவசம்" என்று தொடங்கும்போதே யுபிஐ ஆட்டோபேக்கு நீங்கள் அனுமதி கொடுத்துவிடுகிறீர்கள். ஒரு சாதாரணப் புதிர் விளையாட்டுக்கு வாரச் சந்தா கேட்கிறார்கள் என்றால், அந்த விளையாட்டை நீக்கிவிட்டு வேறொன்றைத் தேடுவதே நல்லது.

இதில் ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். விளையாட்டைக் கைபேசியிலிருந்து நீக்கினால் சந்தா நிற்காது. பிளே ஸ்டோரின் மேல் ஓரத்தில் உங்கள் படத்தைத் தொட்டு, பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் என்னும் பகுதியில், குறிப்பிட்ட சந்தாவைத் திறந்து ரத்து செய்ய வேண்டும். ஐபோனில் செட்டிங்ஸின் உச்சியில் உங்கள் பெயரைத் தொட்டால் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் இருக்கும். பெற்றோரின் கைபேசி கையில் கிடைக்கும்போது இந்தப் பக்கத்தை ஒருமுறை திறந்து பாருங்கள். தெரியாமல் தொடங்கிய சந்தா ஏதாவது அங்கே ஓடிக்கொண்டிருக்கக்கூடும்.

7. ஒரே செட்டிங்ல எல்லா கேம்லயும் விளம்பரம் நிக்கும்னு பசங்க சொல்றாங்க. டிஎன்எஸ்னு ஏதோ பேரு. அது என்ன?

கைபேசி எந்தச் சர்வரைத் தொடர்புகொள்ள வேண்டுமென்றாலும், அதன் பெயருக்கு உரிய எண்முகவரியை முதலில் ஒரு டிஎன்எஸ் சர்வரிடம் கேட்டறிகிறது. தொலைபேசி எண் விசாரணையில் பெயரைச் சொல்லி எண்ணைக் கேட்பதைப் போன்ற வேலை இது. விளம்பரங்களை வடிகட்டும் டிஎன்எஸ் சர்வர், விளம்பர வலையமைப்புகளின் பெயர்களைக் கேட்டால் மட்டும் சரியான முகவரியைத் தராது. முதல் பதிலில் சொன்னபடி விளம்பரம் வேறிடத்திலிருந்து வருவதால், விளையாட்டு வழக்கம்போல ஓடும், விளம்பரம் வந்துசேராது.

2018இல் வெளியான ஆண்ட்ராய்டு 9 அல்லது அதற்குப் பிந்தைய பதிப்பு உள்ள கைபேசிகளில், இதற்கென "பிரைவேட் டிஎன்எஸ்" என்னும் செட்டிங் இருக்கிறது. நெட்வொர்க் அல்லது கனெக்ஷன் பகுதிக்குள் அது இருக்கும். சாம்சங்கில் கனெக்ஷன்ஸ் பகுதியின் அடியில் "மோர்" என்பதற்குள் ஒளிந்திருக்கும். செட்டிங்ஸின் தேடல் பெட்டியில் தேடினால் உடனே கிடைத்துவிடும். அங்கே ஹோஸ்ட்நேம் என்பதைத் தேர்ந்தெடுத்து, அட்கார்ட் நிறுவனத்தின் இலவச முகவரியான டிஎன்எஸ்.அட்கார்ட்-டிஎன்எஸ்.காம் (dns.adguard-dns.com) என்பதை ஆங்கிலச் சிற்றெழுத்துகளில் இட்டுச் சேமிக்க வேண்டும். மொபைல் டேட்டா, வைஃபை இரண்டிலும் இது செல்லும், பேட்டரியும் கூடுதலாகச் செலவாகாது.

8. அப்படி வச்சதும் நெட்டே வரலையே?

எழுத்துப்பிழைதான் முதலில் சந்தேகிக்க வேண்டியது. கீபோர்டு தானாகவே புள்ளிக்குப் பின் இடைவெளி சேர்த்துவிடும்; இணையதள முகவரி என்று நினைத்து முன்னால் எச்டிடிபிஎஸ் சேர்த்துவிடுபவர்களும் உண்டு. நடுவில் உள்ள சிறு கோட்டை அடிக்கோடாக இட்டாலும் தவறு. இவற்றில் எது நேர்ந்தாலும், பிரைவேட் டிஎன்எஸ் சர்வரை அணுக முடியவில்லை என்று கைபேசி அறிவித்துவிட்டு, இணையத்தையே நிறுத்திவிடும். மீண்டும் அதே இடத்துக்குச் சென்று "ஆட்டோமேட்டிக்" என்று மாற்றினால் எல்லாம் பழைய நிலைக்கு வந்துவிடும்.

ரயில் நிலையம், விமான நிலையம், விடுதி போன்ற இடங்களில் உள்ள வைஃபை, எண்ணைக் கேட்டு நுழைவுப் பக்கம் ஒன்றைக் காட்டும். பிரைவேட் டிஎன்எஸ் இருக்கும்போது சில இடங்களில் அந்தப் பக்கம் திறக்காது. நுழையும் வரை ஆட்டோமேட்டிக்கில் வைத்துவிட்டுப் பிறகு மாற்றிக்கொள்ளலாம். பெற்றோரின் கைபேசியில் இதைச் செய்துவைப்பவர்கள், திருப்பி மாற்றும் முறையையும் அவர்களுக்கு ஒருமுறை செய்துகாட்டிவிட்டுப் போக வேண்டும். இல்லாவிட்டால் ஊரில் நெட் நின்றுபோகும் நாளில் அவர்கள் தவித்துப்போவார்கள்.

9. ஜிபே, பேங்க் ஆப் எல்லாம் இருக்கிற போன்ல இதைச் செய்யலாமா? பாஸ்வேர்டு போயிடாதா?

நீங்கள் எந்தெந்தப் பெயருடைய சர்வர்களைத் தொடர்புகொள்கிறீர்கள் என்பது டிஎன்எஸ் நடத்துபவருக்குத் தெரியும். அங்கே என்ன எழுதினீர்கள், என்ன கடவுச்சொல் இட்டீர்கள், யாருக்கு எவ்வளவு அனுப்பினீர்கள் என்பவை தெரியாது. அவை செயலிக்கும் வங்கிக்கும் இடையே பூட்டப்பட்டே செல்கின்றன. ஆனாலும் யாரோ அனுப்பிய முன்பின் தெரியாத முகவரியை ஹோஸ்ட்நேமாக இடக் கூடாது. தவறான எண்ணம் உள்ளவர் நடத்தும் டிஎன்எஸ், உங்களைப் போலித் தளத்துக்கு அனுப்ப முயலலாம். பலகாலமாக நடத்தப்பட்டு, எதைச் சேமிக்கிறோம் என்று வெளிப்படையாக அறிவித்திருக்கும் அட்கார்ட், நெக்ஸ்ட்டிஎன்எஸ் போன்றவற்றோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.

மூன்றாம் பதிலில் சொன்ன விபிஎன் வகைச் செயலிகளின் நிலை சற்று வேறு. சில வங்கிச் செயலிகள் விபிஎன் ஓடும்போது திறக்க மறுக்கின்றன. அப்போது அதை நிறுத்திவிட்டு வங்கி வேலையை முடித்துக்கொள்ள வேண்டியதுதான். ஆண்ட்ராய்டில் ஒரு நேரத்தில் ஒரு விபிஎன் மட்டுமே ஓடும் என்பதால், அலுவலக விபிஎன் வைத்திருப்பவர்களுக்கு டிஎன்எஸ் வழியே வசதி.

10. டிஎன்எஸ் வச்சதுக்கப்புறம் பரிசு வீடியோவும் வரலை. காயின் கிடைக்கலையே?

வடிகட்டும் சர்வருக்கு நீங்கள் விரும்பிக் கேட்ட விளம்பரமும் தானாக வந்த விளம்பரமும் ஒன்றுதான். இரண்டும் ஒரே வலையமைப்பிலிருந்து வருவதால் இரண்டும் நின்றுவிடும். பரிசு தேவைப்படும் நேரத்தில் ஆட்டோமேட்டிக்குக்கு மாற்றி, பார்த்துவிட்டுத் திரும்ப வைக்கலாம். அடிக்கடி அப்படிச் செய்ய நேர்ந்தால், அந்த விளையாட்டுக்கு நான்காம் பதிலின் வழியே பொருத்தமானது.

எங்கிருந்து வருகிறது என்பதை மட்டுமே வைத்து டிஎன்எஸ் வடிகட்டுவதால், யூடியூப் விளம்பரங்கள் அதனால் நிற்பதில்லை. அங்கே வீடியோவும் விளம்பரமும் ஒரே இடத்திலிருந்து வருகின்றன.

11. ஐபோன்ல இதெல்லாம் முடியுமா?

ஏர்பிளேன் மோடும் கட்டணம் செலுத்துவதும் அப்படியே பொருந்தும். டிஎன்எஸ்ஸைப் பொறுத்தவரை, ஐஓஎஸ் 14 முதல் இந்த வசதி உண்டு. ஆனால் ஆண்ட்ராய்டில் இருப்பதுபோல எழுத்தை இடும் பெட்டி இல்லை. டிஎன்எஸ் நிறுவனத்தின் தளத்திலிருந்து ஒரு புரொஃபைல் கோப்பை இறக்கி செட்டிங்ஸில் நிறுவ வேண்டும், அல்லது அந்நிறுவனத்தின் செயலியைப் பயன்படுத்த வேண்டும். சஃபாரிக்கு என்று விற்கப்படும் விளம்பரத் தடுப்பான்கள் உலாவியில் மட்டுமே வேலை செய்யும். அவற்றை வாங்கிவிட்டு விளையாட்டில் பலன் தேடுவது வீண்.

12. வீட்ல டேப், டிவி, நாலு போன் இருக்கு. ஒவ்வொண்ணுலயும் மாத்தணுமா?

வைஃபை ரூட்டரின் செட்டிங்ஸில் டிஎன்எஸ் எண்களை மாற்றினால் அதில் இணையும் எல்லாவற்றுக்கும் சேர்த்துப் பலன் கிடைக்கும். அட்கார்டின் எண்கள் 94.140.14.14, 94.140.15.15. பிள்ளைகள் உள்ள வீட்டில், ஆபாசத் தளங்களையும் சேர்த்துத் தடுக்கும் 94.140.14.15, 94.140.15.16 என்னும் எண்களை இடலாம். இணைய நிறுவனமே கொடுத்த சில ரூட்டர்களில் இந்தப் பக்கம் பூட்டப்பட்டிருக்கும். அப்போது கருவிதோறும் மாற்றத்தான் வேண்டும். வீட்டை விட்டு வெளியே மொபைல் டேட்டாவில் ரூட்டரின் பலன் கிடைக்காது.

13. விளம்பரமே வராத "மாட்" ஏபிகே ஃப்ரண்ட் அனுப்பினான். போட்டுக்கலாமா?

வேண்டாம். இந்தத் தொகுப்பில் தயக்கமே இல்லாமல் சொல்லும் பதில் இது ஒன்றுதான். ஏபிகே என்பது ஆண்ட்ராய்டு செயலியை நிறுவும் கோப்பு. மாட் என்பது யாரோ ஒருவர் மூலச் செயலியைப் பிரித்து, விளம்பர நிரலை எடுத்து, மறுபடி கட்டி, தம் கையொப்பத்தோடு வெளியிட்டது. அதிலிருந்து எதை எடுத்தார் என்று சொல்கிறார்; எதைச் சேர்த்தார் என்று நமக்குத் தெரியாது. குறுஞ்செய்திகளைப் படிக்கும் அனுமதியையோ, திரையில் உள்ளதைப் படிக்கவிடும் அக்சஸிபிலிட்டி அனுமதியையோ ஒரு விளையாட்டு கேட்டால், வங்கி அனுப்பும் ஓடிபியை அதனால் படிக்க முடியும். கல்யாணப் பத்திரிகை என்றும், போக்குவரத்து அபராதம் என்றும் வாட்ஸ்அப்பில் ஏபிகே அனுப்பிப் பணத்தைச் சுருட்டும் மோசடிகள் இதே வழியில்தான் நடக்கின்றன.

ஏற்கெனவே நிறுவியிருந்தால் நெட்டை அணைத்துவிட்டு அதை நீக்குங்கள், பிளே ஸ்டோரில் உள்ள பிளே புரொடெக்ட் சோதனையை ஓட்டுங்கள், வேறொரு கருவியிலிருந்து வங்கிக் கடவுச்சொல்லை மாற்றுங்கள். பணம் போயிருந்தால் உடனே 1930 என்னும் இணையக் குற்ற உதவி எண்ணை அழைக்க வேண்டும். விரைவாகச் சொன்னால், பணம் கைமாறுவதற்குள் நிறுத்திவைக்க வாய்ப்பு உண்டு.

14. அப்போ பிளே ஸ்டோர்ல இருக்கிற "ஆட் பிளாக்கர்" ஆப் எல்லாம்?

மற்றச் செயலிகளின் விளம்பரங்களில் குறுக்கிடும் செயலிகளைக் கூகுள் தன் ஸ்டோரில் அனுமதிப்பதில்லை. எனவே அங்கே அந்தப் பெயரில் கிடைப்பவற்றில் பல, உலாவிக்கு மட்டும் பயன்படுபவை. சில, தாமே விளம்பரம் காட்டிப் பிழைப்பவை. அட்கார்டின் முழுப் பதிப்பும் பிளோகாடாவின் முழுப் பதிப்பும் அவற்றின் சொந்தத் தளங்களில் கிடைக்கின்றன. சென்ற பதிலில் ஏபிகே வேண்டாம் என்று சொல்லிவிட்டு இதைச் சொல்வது முரணாகத் தோன்றலாம். செய்தவரின் சொந்தத் தளத்திலிருந்து எடுப்பதும், மூன்றாமவர் பிரித்துக் கட்டியதை எடுப்பதும் வேறு வேறு. அந்த வேறுபாட்டைச் சரிபார்க்கப் பழக்கம் இல்லாதவர்கள், ஏழாம் பதிலோடு நின்றுகொள்வதே பாதுகாப்பு.

15. விளம்பரத்தை மூடுற எக்ஸ் எங்க இருக்குன்னே தெரியலை. தொட்டா பிளே ஸ்டோருக்குப் போகுது.

இப்போதைய வீடியோ விளம்பரங்கள் பெரும்பாலும் இரண்டு மூன்று கட்டங்களாக வருகின்றன. வீடியோ ஓடி முடியும் தறுவாயில் மேல் மூலையில் இரட்டை அம்புக்குறி தோன்றும். அது மூடுவதற்கு அல்ல, அடுத்த கட்டத்துக்குத் தாண்டுவதற்கு. அடுத்து "இன்ஸ்டால்" பொத்தானோடு ஓர் அட்டை வரும்; அதில் சில நொடிகள் கழித்தே சாம்பல் நிறத்தில் சிறிய எக்ஸ் தெரியும், சில வேளைகளில் முன்பு அம்புக்குறி இருந்த மூலைக்கு எதிர் மூலையில். அவசரப்பட்டு அது தோன்றுவதற்கு முன்பே அந்த இடத்தைத் தொட்டால் விளம்பரத்தையே தொட்டதாகக் கணக்காகிவிடும். கையை எடுத்துவிட்டு, எக்ஸ் முழுவதாகத் தெரிந்த பிறகு ஒருமுறை மட்டும் தொடுங்கள். பிளே ஸ்டோர் திறந்துவிட்டால் பேக் பொத்தானை அழுத்தித் திரும்பலாம். எதுவும் தானாக நிறுவப்பட்டுவிடாது.

கூகுள் பிளேக்கு இதில் விதிகளும் உண்டு. 2022 செப்டம்பர் 30 முதல், ஆடிக்கொண்டிருக்கும்போதோ லெவல் தொடங்கும்போதோ எதிர்பாராமல் குறுக்கே வரும் முழுத்திரை விளம்பரங்களும், அப்படி வந்து 15 நொடிக்குப் பிறகும் மூட முடியாதவையும் அனுமதிக்கப்படுவதில்லை. நீங்கள் விரும்பிப் பார்க்கும் பரிசு வீடியோக்களுக்கும், மதிப்பெண் திரைக்குப் பின் வருபவற்றுக்கும் இந்த 15 நொடி வரம்பு இல்லை. விதியை மீறும் விளையாட்டைக் கண்டால், அதன் பிளே ஸ்டோர் பக்கத்தின் மேலே உள்ள மூன்று புள்ளிகளைத் தொட்டுப் புகார் செய்யுங்கள்.

16. குழந்தை தெரியாம விளம்பரத்தைத் தொட்டுட்டான். பேலன்ஸ் போயிடுமா?

விளம்பரத்தைத் தொடுவதால் மட்டும் பணம் போகாது. பணம் போவதற்கு இரண்டு வாசல்கள் இருக்கின்றன. ஒன்று, பிளே ஸ்டோரில் வாங்குவது. அதன் செட்டிங்ஸில் ஒவ்வொரு முறை வாங்கும்போதும் கைரேகையோ கடவுச்சொல்லோ கேட்கும்படி வைத்துவிட்டால் அது அடைபடும். மற்றொன்று, சிம் கணக்கில் ஏதேனும் மதிப்புக்கூட்டுச் சேவை தொடங்கிவிடுவது. அப்படித் தொடங்கியிருப்பதாகச் சந்தேகம் வந்தால் 155223 என்னும் கட்டணமில்லா எண்ணை அழைத்து நிறுத்தலாம்.

சிறு பிள்ளையிடம் கொடுக்கும்போது ஏர்பிளேன் மோடில் கொடுப்பதே எல்லாவற்றிலும் எளிது. அதோடு ஆண்ட்ராய்டில் ஆப் பின்னிங், ஐபோனில் கைடட் ஆக்சஸ் ஆகியவற்றை இயக்கினால், பிள்ளையால் அந்த விளையாட்டை விட்டு எளிதில் வெளியே வர முடியாது.

17. பையன் ஆடுற கேம்ல ரம்மி, பெட்டிங் விளம்பரம் வருது. அதை மட்டுமாவது நிறுத்த முடியுமா?

இந்தக் கேள்வியைக் கேட்கும் பெற்றோரின் பதற்றம் நியாயமானது. 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய இணைய விளையாட்டுச் சட்டம், பணம் வைத்து ஆடும் விளையாட்டுகளை மட்டுமல்லாமல் அவற்றுக்கு விளம்பரம் செய்வதையும் தடை செய்கிறது. அப்படியும் வெளிநாட்டிலிருந்து நடத்தப்படுபவை நுழைந்துவிடலாம். கூகுள் கணக்கின் "மை ஆட் சென்டர்" பக்கத்தில் சூதாட்டம், மது, டேட்டிங் போன்ற பொருள்களில் விளம்பரத்தைக் குறைக்கும்படி கேட்கலாம். ஆனால் அது கூகுள் காட்டும் விளம்பரங்களை மட்டுமே கட்டுப்படுத்தும். முதல் பதிலில் சொன்ன மற்ற வலையமைப்புகளை அது தொடாது. ஆகவே பிள்ளையின் கருவியில் டிஎன்எஸ் வடிகட்டலும், பிளே ஸ்டோரின் குழந்தைகள் பகுதியிலிருந்து தேர்ந்தெடுத்த விளையாட்டுகளும் சேர்ந்து இருக்க வேண்டும். குழந்தைகளுக்கான விளையாட்டுகளில், தன் நிபந்தனைகளுக்கு உட்பட்ட விளம்பர வலையமைப்புகளை மட்டுமே கூகுள் அனுமதிக்கிறது.

18. "அட்வர்டைசிங் ஐடி"யை டெலீட் பண்ணினா விளம்பரம் நின்னுடும்னு வீடியோல பார்த்தேன்.

நிற்காது, எண்ணிக்கையும் குறையாது. அந்த ஐடி, விளம்பர நிறுவனங்கள் உங்கள் கைபேசியை அடையாளம் காண உதவும் குறியீடு மட்டுமே; அதை நீக்கினால், உங்கள் விருப்பங்களை வைத்து விளம்பரத்தைத் தேர்ந்தெடுப்பது மட்டும் குறையும். ஐபோனில் 2021 ஏப்ரலில் வந்த ஐஓஎஸ் 14.5 முதல், "உங்களைப் பின்தொடரலாமா" என்று செயலிகள் கேட்பதும் இதே வகைதான். தனியுரிமைக்காக இவற்றைச் செய்வது நல்லது, ஆனால் தொல்லை குறையும் என்று எதிர்பார்க்க வேண்டாம்.

19. கேமை மூடினதுக்கப்புறமும், சும்மா ஹோம் ஸ்க்ரீன்ல இருக்கும்போதே விளம்பரம் வருது. இது எந்த கேம்?

இது விளையாட்டுக்குள் வரும் விளம்பரம் அல்ல. ஏதோ ஒரு செயலி எல்லை மீறுகிறது. விளம்பரம் திரையில் இருக்கும்போதே அண்மைச் செயலிகளின் பொத்தானை அழுத்திப் பாருங்கள். அட்டையின் மேலே உள்ள ஐகானும் பெயரும் குற்றவாளியைக் காட்டிக்கொடுக்கும். பெரும்பாலும் டார்ச், கிளீனர், வால்பேப்பர், கியூஆர் ஸ்கேனர் என்று எப்போதோ போட்ட ஒன்றாக இருக்கும். அப்படியும் தெரியாவிட்டால், ஸ்பெஷல் ஆப் ஆக்சஸ் பகுதியில் "டிஸ்ப்ளே ஓவர் அதர் ஆப்ஸ்" பட்டியலைத் திறந்து, அனுமதி தேவையில்லாதவற்றுக்கெல்லாம் நிறுத்திவிடுங்கள்.

விளம்பரத்தின் வேகத்தால் செட்டிங்ஸையே திறக்க முடியவில்லை என்றால் சேஃப் மோடில் நுழையலாம். பவர் ஆஃப் பொத்தான் திரையில் வந்ததும் அதை அழுத்திப் பிடித்தால், பல கைபேசிகளில் சேஃப் மோடுக்குச் செல்லவா என்று கேட்கும். அதில் நீங்கள் நிறுவிய செயலிகள் எதுவும் ஓடாது என்பதால் நிதானமாக நீக்க முடியும். பூட்டுத்திரையில் வரும் படங்களும் செய்திகளும் வேறு வகை. பல கைபேசிகளில் கிளான்ஸ் போன்ற வசதியை நிறுவனமே சேர்த்துத் தருகிறது. பூட்டுத்திரை செட்டிங்ஸில் அதை அணைக்கலாம்.

20. முதல்லயே விளம்பரம் இல்லாத கேமா பார்த்துப் போட முடியாதா?

முடியும், அதுவே நீண்ட காலத்துக்கு நிம்மதி. பிளே ஸ்டோரில் விளையாட்டின் பெயருக்குக் கீழேயே "விளம்பரங்கள் உள்ளன" என்று குறிப்பு இருக்கும். நிறுவுவதற்கு முன் அதைப் பாருங்கள். சதுரங்கம் ஆடுபவர்களுக்கு லிசெஸ் இருக்கிறது. 2010இல் தொடங்கி, நன்கொடையால் நடப்பது, விளம்பரம் எதுவும் இல்லை. சுடோகு, கண்ணிவெடி போன்ற புதிர்களை விரும்புபவர்களுக்கு சைமன் டாதம் இலவசமாக வெளியிட்டுள்ள புதிர்த் தொகுப்பைப் பரிந்துரைக்கிறேன். ஏறக்குறைய 40 வகைப் புதிர்கள் அதில் உண்டு, எல்லாம் நெட் இல்லாமலே ஓடும், வயதானவர்கள் தடுமாறும்படி எதுவும் குறுக்கே வராது.

மாதச் சந்தாவில் பல விளையாட்டுகளைத் தரும் திட்டங்களும் உள்ளன. கூகுளின் பிளே பாஸ் 2022இல் இந்தியாவுக்கு வந்தபோது மாதம் 99 ரூபாய். ஆப்பிள் ஆர்கேடும் 2019இல் இங்கே அதே விலைக்குத் தொடங்கியது. இரண்டிலும் விளம்பரம் இல்லை, குடும்பத்தாரோடு பகிர்ந்துகொள்ளலாம். நெட்ஃபிளிக்ஸ் சந்தா ஏற்கெனவே இருந்தால், கூடுதல் செலவில்லாமல் விளம்பரமற்ற விளையாட்டுகள் அதனோடு கிடைக்கின்றன. பலர் அதைக் கவனிப்பதே இல்லை.

21. எல்லாரும் இப்படித் தடுத்துட்டா கேம் பண்றவங்க எப்படிப் பிழைப்பாங்க? இது தப்பில்லையா?

நியாயமான கேள்வி. ஒரு விளம்பரத்தை நீங்கள் ஒருமுறை பார்ப்பதால் செய்தவருக்குக் கிடைப்பது பைசாக் கணக்கில்தான். அதனால்தான் அவ்வளவு அதிகமாகக் காட்டுகிறார்கள். மாறாக, ஆண்டு வருவாய் 10 லட்சம் டாலருக்குள் இருக்கும் சிறிய நிறுவனங்களிடம் கூகுளும் ஆப்பிளும் 15 விழுக்காடு எடுத்துக்கொள்கின்றன. வரி நீங்கலாக நீங்கள் செலுத்தும் 100 ரூபாயில் 85 ரூபாய் அவருக்குப் போகிறது. எந்த ரசிகரும் விளம்பரம் பார்த்தே அந்தத் தொகையை அவருக்கு ஈட்டித்தர நெடுங்காலம் ஆகும்.

உங்கள் கைபேசி எந்தச் சர்வரோடு பேசலாம் என்று முடிவு செய்வது உங்கள் உரிமை என்றே கருதுகிறேன். கண் சரியாகத் தெரியாதவரும் பிள்ளைகளும் ஏமாற்றும் பொத்தான்களில் சிக்காமல் இருக்க அது தேவையும்கூட. அதே வேளையில், மாதக்கணக்காக ஆடிவரும் ஒரு விளையாட்டுக்குப் பணம் கட்டும் வசதி இருந்தும் கட்டாமல் தடுத்து மட்டும் ஆடுவது சரியல்ல. ஒருவர் உட்கார்ந்து உழைத்துச் செய்த பொருள் அது.

22. ஒரு கேம் மட்டும் நெட் இல்லாம திறக்காது, டிஎன்எஸ் வச்சா "ஆட் பிளாக்கரை நிறுத்து"ன்னு சொல்லுது, ரிமூவ் ஆட்ஸ் பொத்தானும் இல்லை. என்ன பண்றது?

அந்த விளையாட்டு விளம்பரத்துக்காகவே செய்யப்பட்டது. பொருத்தம், வரிசைப்படுத்தல், கட்டை அடுக்குதல் போன்ற வகைகளில் ஒன்றாக இருந்தால், அதே விளையாட்டைப் பலர் செய்திருப்பார்கள். இருபதாம் பதிலில் சொன்ன குறிப்பைப் பார்த்து, பணம் கட்டி விளம்பரம் நீக்கும் வசதியுள்ள ஒன்றுக்கு மாறிவிடுங்கள். பல நூறு லெவல் கடந்துவிட்டதால் மனம் வரவில்லை என்று சொல்பவர்களும் உண்டு. அவர்கள், வெளியிட்டவரின் மின்னஞ்சல் முகவரிக்கு ஒரு வரி எழுதிப் பார்க்கலாம். பிளே ஸ்டோர் பக்கத்தில் "ஆப் சப்போர்ட்" என்பதற்குள் அது இருக்கும். கட்டணப் பதிப்பு வேண்டும் என்று பலர் கேட்டால், சிறிய நிறுவனங்கள் அடுத்த பதிப்பில் அந்தப் பொத்தானைச் சேர்க்க வாய்ப்பு உண்டு.